ஏழாவது படத்தையும் எண்ணுங்கள்

தௌபீக் சாலிஹ் பற்றி யார் எழுதினாலும் ஒரு விஷயம் தவறாமல் வரும். எகிப்தின் நேர்மையான இயக்குநர், தணிக்கையோடு மல்லுக்கட்டியவர், சமரசம் செய்யாததால் வாழ்நாளில் ஏழே ஏழு முழுநீளப் படங்கள்தான் எடுக்க முடிந்தது. அதற்குப் பிறகு படங்களின் பட்டியல் வரும். எண்ணிப் பாருங்கள். நாங்கள் வாசித்த பல குறிப்புகளில் ஆறு படங்களைப் பற்றித்தான் கதை இருக்கிறது. ஏழாவது ஒன்றில் காணாமல் போயிருக்கும், இல்லாவிட்டால் கடைசியில் அரை வசனத்தில் பதுங்கியிருக்கும். ஈராக்கிலும் ஒரு படம் செய்தார், அவ்வளவுதான்.

அந்த ஏழாவது படத்தின் பெயர் 'நீண்ட நாட்கள்'. 1980இல் வந்தது. அதன் நாயகன் சதாம் ஹுசைன்.

2023இல் சாலிஹின் ஆறாவது படமான 'ஏமாற்றப்பட்டவர்கள்' புதுப்பிக்கப்பட்டு இத்தாலியின் பொலோஞ்ஞா நகரத்துத் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது. காஸா எரிந்துகொண்டிருந்த மாதங்களில் அந்தப் பிரதி உலகமெல்லாம் சுற்றியது. எங்கள் கைக்கும் வந்தது. கலைப்பீடத்து வகுப்பறை ஒன்றில் ப்ரொஜெக்டர் போட்டுப் பார்த்தோம். முடிந்தபிறகு கொஞ்ச நேரம் ஒருவரும் எழும்பவில்லை. அவ்வளவு பெரிய படம், அதில் எங்களுக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அதற்குப் பிறகு நடந்த உரையாடலில் ஏழாவது படத்தின் பெயரை எடுத்ததும் இரண்டு பக்கத்தாலும் அடி விழுந்தது. "உதை ஏன் இப்ப கதைக்கிறியள்? மனுசன் பிழைப்புக்குச் செய்தது" என்றது ஒரு பக்கம். "அப்பிடியெண்டா இந்தப் படத்தையும் தூக்கிப் போடுங்கோ" என்றது மற்றப் பக்கம்.

இரண்டு பக்கத்துக்கும் எதிராகத்தான் இந்தக் கட்டுரை.

முதலில் ஆறாவது படம். கஸ்ஸான் கனஃபானியின் 'சூரியனில் மனிதர்கள்' என்ற குறுநாவல்தான் அதன் மூலம். திரைக்கதை சாலிஹுடையது. மூன்று பலஸ்தீனர்கள்: தோட்டத்தை இழந்த கிழவர் அபூ கைஸ், இளைஞன் அசத், வீட்டைச் சுமக்கவேண்டி வந்த சின்னப் பெடியன் மர்வான். மூவருக்கும் குவைத்துக்குப் போக வேண்டும். விசா இல்லை. பஸ்ராவில் ஏஜென்சிக்காரர்கள் கேட்கிற காசு கையில் இல்லை. அபுல் கைஸுரான் என்ற பலஸ்தீனச் சாரதி குறைந்த காசுக்கு ஏற்றிக்கொள்கிறான். 1948 போரில் தன் ஆண்மையை இழந்தவன் அவன். வெறும் தண்ணீர்ப் பவுசர் ஒன்று. எல்லைச் சாவடி வரும்போது மூவரும் பவுசருக்குள்ளே இறங்கிக்கொள்ள வேண்டும். சாரதி கையெழுத்து வாங்கிக்கொண்டு வந்து மூடியைத் திறப்பான். முதலாவது சாவடி தப்பியது. இரண்டாவது சாவடியில் அதிகாரிகள் சாரதியை இருத்திவைத்து, பஸ்ராவில் ஒரு நடனக்காரியோடு உனக்குத் தொடர்பாமே என்று பகிடி பண்ணுகிறார்கள். வெளியே பாலைவன வெயில். சாரதி ஓடிவந்து மூடியைத் திறக்கும்போது உள்ளே மூன்று பிணங்கள்.

கனஃபானியின் நாவலில் அந்த மூவரும் சத்தம் போடவில்லை. பவுசரின் சுவரில் ஏன் தட்டவில்லை என்று சாரதி கத்துவதோடு நாவல் முடிகிறது. அரபு உலகத்தையே உலுக்கிய கேள்வி அது. 1960களின் தொடக்கத்தில், பதினைந்து வருடமாகப் போகிற அகதி வாழ்க்கையைப் பார்த்துக் கனஃபானி தன் சொந்த மக்களிடமே கேட்ட கேள்வி.

சாலிஹ் அந்த முடிவை மாற்றினார். படத்தில் மூவரும் தட்டுகிறார்கள். பவுசருக்குள்ளிருந்து தட்டுகிற சத்தம் எங்களுக்குக் கேட்கிறது. சாவடிக்குள் இருக்கிறவர்களுக்குக் கேட்கவில்லை, ஏனென்றால் அங்கே ஏசி ஓடிக்கொண்டிருக்கிறது. கடைசியில் குப்பை மேட்டில் கிடக்கிற பிணத்தின் விறைத்த கை மேலே நிற்கிறது, இன்னும் தட்டுகிற மாதிரி.

இந்த மாற்றத்தைச் சும்மா ஒரு திரைக்கதை உத்தி என்று கடந்துபோக ஏலாது. கனஃபானி எழுதிய காலத்துக்கும் படம் வந்த 1972க்கும் இடையில் 1967 தோல்வி நடந்துவிட்டது. பலஸ்தீன இயக்கங்கள் ஆயுதம் தூக்கிவிட்டன. 1970 செப்ரெம்பரில் ஜோர்தான் மன்னரின் இராணுவம் அந்த இயக்கங்களை அடித்து நொறுக்கியது. அதற்குப் பிறகும் பலஸ்தீனர்களிடம் போய் ஏன் தட்டவில்லை என்று கேட்டால் அது அநியாயம். அவர்கள் தட்டினார்கள். ஆகவே கேள்வியைத் திருப்பிவைத்தார் சாலிஹ்: குளிரறைக்குள் இருந்தவர்களுக்கு ஏன் கேட்கவில்லை? கனஃபானி அந்த வருடம் ஜூலை 8ஆம் திகதி பெய்ரூத்தில் கார்க் குண்டில் கொல்லப்பட்டார், கூட இருந்த மருமகளோடு. அதே வருடம் துனிசியாவின் கார்த்தேஜ் விழாவில் படத்துக்குத் தங்க விருது கிடைத்தது.

எங்களுக்கு இந்தப் படம் ஏன் இவ்வளவு நெருக்கம் என்று விளக்கத் தேவையில்லை. ஏஜென்சிக்குக் காசு கட்டுவது என்றால் என்ன என்று எங்கள் ஒவ்வொரு வீட்டிலும் தெரியும். 1996ஆம் ஆண்டு நத்தார் இரவில் மால்டாவுக்கும் சிசிலிக்கும் இடையில் ஒரு வள்ளம் மூழ்கி ஆகக் குறைந்தது 283 பேர் செத்தார்கள். இந்தியர்கள், பாகிஸ்தானியர்கள், இலங்கைத் தமிழர்கள். தப்பியவர்கள் சொன்னதை அதிகாரிகள் நம்பவில்லை. சிசிலி மீனவர்களின் வலையில் பிணங்கள் வந்தன. தொழில் கெட்டுவிடும் என்று பயந்து அவற்றைத் திரும்பக் கடலில் போட்டார்கள். வலையில் சிக்கிய ஒரு தமிழ்ப் பெடியனின் அடையாள அட்டை வழியாகத்தான் 2001இல் அந்தக் கப்பல் கிடக்கிற இடம் வெளியே வந்தது. ஐந்து வருடம் யாருக்கும் கேட்கவில்லை. சாலிஹின் ஏசிச் சத்தம் பாலைவனத்தில் மட்டும் இருக்கிற ஒன்றல்ல என்று இதைவிட எப்படிச் சொல்லுவது?

இப்படி ஒரு படம் எடுத்தவர், எட்டு வருடம் கழித்து சதாமின் கதையை எடுத்தார். இதை எப்படி விளங்கிக்கொள்வது? அவருடைய முழுப் பயணத்தையும் பார்த்தால்தான் விளங்கும்.

1926இல் எகிப்தின் அலெக்சாந்திரியாவில் பிறந்தார். அங்கேயே பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் படித்தார். எங்களை மாதிரிக் கலைப்பீடத்துக்காரர். பிறகு பாரிஸ் போய் சினிமா கற்றுக்கொண்டு திரும்பினார். 1955இல் முதல் படம், 'பைத்தியக்காரர் சந்து'. நஜீப் மஹ்பூஸோடு சேர்ந்து எழுதியது. பரிசு விழுந்த லொத்தர்ச் சீட்டு ஒன்று ஏழைகளின் சந்தில் ஒரு பித்தனின் கைக்குப் போகிறது. மரியாதையான ஆக்கள் எல்லோரும் அந்தக் காசுக்காக நாயாகிறார்கள். படம் ஓடவில்லை. அடுத்த முழுநீளப் படம் வர ஏழு வருடம் எடுத்தது. 1962இல் வந்த 'வீரர்களின் போராட்டம்' கொலராவைப் பற்றியது. பிரித்தானிய முகாமின் மிச்சச் சாப்பாட்டைத் தின்று நோய்ப்படுகிற கிராமத்தில், நோயோடும் நிலச்சுவாந்தரோடும் ஒரு இளம் வைத்தியன் மோதுகிறான்.

மூன்றாவது படம் 'கலகக்காரர்கள்'. பாலைவனத்தில் ஒரு சயரோக சிகிச்சை நிலையம். காசு கட்டுகிற நோயாளிக்கு ஒரு கவனிப்பு, இலவச நோயாளிக்கு இன்னொரு கவனிப்பு. தண்ணீரில்கூடப் பாகுபாடு. இலவச நோயாளிகள் கலகம் செய்து நிலையத்தைக் கைப்பற்றுகிறார்கள். கைப்பற்றிய பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் தடுமாறுகிறார்கள். நாஸரின் எகிப்தில் இதைப் பார்க்கிற எவருக்கும் யாரைப் பற்றிய கதை என்று விளங்கும். 1966இல் எடுத்த படம், தணிக்கையில் சிக்கி 1968இல்தான் வெளிவந்தது. மீனவர் வாழ்க்கையைச் சொன்ன 'செய்யித் புல்தி சந்து' என்ற படத்துக்கும் அதே கதி, அதுவும் இழுபட்டு 1969இல் வந்தது. அதே வருடம் தௌபீக் அல் ஹக்கீமின் புகழ்பெற்ற நாவலிலிருந்து 'நாட்டுப்புற வழக்குத்தொடுநரின் நாட்குறிப்புகள்'. சட்டம் ஒரு பக்கம், அந்தச் சட்டத்தில் ஒரு வரிகூட விளங்காத விவசாயிகள் மறுபக்கம்.

இந்த ஐந்து படங்களையும் வரிசையாக வைத்துப் பார்த்தால் ஒரு விஷயம் தெரிகிறது. எந்தக் குற்றத்தைக் காட்டலாம், எந்தக் குற்றத்தைக் காட்டக்கூடாது என்ற கணக்கு. கொலராக் கிராமத்தில் வில்லன்கள் பிரித்தானியரும் பழைய நிலச்சுவாந்தர்களும். அவர்களை அடிக்க 1962இல் அனுமதி இருந்தது. வழக்குத்தொடுநரின் கதை மன்னராட்சிக் காலத்தது, 1937இல் எழுதப்பட்ட நாவல். ஆனால் கலகம் செய்து அதிகாரத்துக்கு வந்தவர்களைப் பற்றி ஒரு படம் எடுத்ததும் தணிக்கை வந்து கழுத்தைப் பிடிக்கிறது. போன ஆட்சியைப் பற்றி என்னவும் சொல்லலாம். பக்கத்து நாட்டைப் பற்றியும் சொல்லலாம். சம்பளம் தருகிறவரைப் பற்றி வாய் திறக்கக்கூடாது.

இப்போது 'ஏமாற்றப்பட்டவர்க'ளைத் திரும்பப் பாருங்கள். அதைத் தயாரித்தது யார்? சிரிய அரசின் பொது சினிமா நிறுவனம். 1970 நவம்பரில் ஹாஃபிஸ் அல் அசாத் அதிகாரத்தைப் பிடித்தார், 1972இல் படம் வந்தது. எகிப்தில் மூச்சுவிட முடியாத சாலிஹுக்கு டமஸ்கஸ் கதவைத் திறந்தது. ஏன் திறந்தது? படத்தில் வருகிற சாவடி ஈராக்குக்கும் குவைத்துக்கும் இடையில் இருக்கிறது. காட்டிக்கொடுத்த அரபு ஆட்சியாளர்கள் என்று படம் சொல்லும்போது, பார்க்கிற ஒவ்வொரு ஆட்சியாளனும் அது மற்றவன் என்று நினைத்துக்கொள்ளலாம். அதே அசாத்தின் படை 1976இல் லெபனானுக்குள் இறங்கி எந்தப் பக்கம் நின்றது என்று தெல் அல் சாத்தர் முகாமில் உயிர்தப்பிய பலஸ்தீனர்களுக்குத் தெரியும்.

இதனால் படம் பொய்யாகிவிடுமா? இல்லை. படம் சொன்னது உண்மை, இன்றைக்கும் உண்மை. ஆனால் அந்த உண்மைக்குக் காசு கொடுத்தவர் தன்னைப் பற்றிய உண்மைக்குக் காசு கொடுக்கமாட்டார். சாலிஹைச் சமரசமே செய்யாத மனிதர் என்று தோளில் தூக்குகிறவர்கள் இந்த இடத்தை மெதுவாகத் தாண்டிப்போகிறார்கள். இங்கே நின்று யோசித்திருந்தால் ஏழாவது படம் அவர்களை அதிரவைத்திருக்காது.

சாலிஹ் 1970களில் பக்தாத் போனார், அங்கே சினிமா கற்பித்தார். பிறகு 'நீண்ட நாட்கள்'. அப்துல் அமீர் முஅல்லா எழுதிய, சதாமின் இளமைக்காலத்தைச் சொல்லுகிற நாவல்தான் மூலம். 1959 ஒக்ரோபரில் பக்தாத் ரஷீத் வீதியில் ஈராக்கின் அப்போதைய ஆட்சியாளர் அப்துல் கரீம் காசிமைச் சுடப் போன குழுவில் இளைஞன் சதாமும் ஒருவன். முயற்சி பிழைத்தது. காலில் காயத்தோடு சதாம் தப்புகிறான், ஒளிக்கிறான், ஆற்றை நீந்திக் கடக்கிறான், எல்லை தாண்டிச் சிரியாவுக்குப் போகிறான். காலுக்குள் இருந்த குண்டைக் கத்தியால் கிண்டி எடுக்கிற காட்சியும் உண்டு. சதாமாக நடித்தவர் அவருடைய உறவினர் சதாம் காமில். அவர் பிறகு சதாமின் மருமகனானார். 1995இல் ஜோர்தானுக்கு ஓடினார். மன்னிப்புக் கிடைக்குமென்று நம்பித் திரும்பி வந்ததும் 1996இல் கொல்லப்பட்டார். தலைவனாக நடித்தவனையும் தலைவன் விடவில்லை.

இந்தக் கதையை ஆறாவது படத்துக்குப் பக்கத்தில் வையுங்கள். இரண்டிலும் வேட்டையாடப்படுகிற மனிதர்கள், இரண்டிலும் தாண்டவேண்டிய எல்லை, இரண்டிலும் காவல்காரர்கள். ஒரே இயக்குநர். ஆறாவதில் மூன்று ஏழைகள் எல்லை தாண்டும்போது சாகிறார்கள், குப்பையில் எறியப்படுகிறார்கள். ஏழாவதில் ஒருவன் எல்லை தாண்டிப் பிழைக்கிறான், பிழைத்து நாட்டை ஆளுகிறான். ஓடி ஒளிக்கிறவனைப் பார்த்தால் எங்களுக்கு வருகிற இரக்கம் இருக்கிறதே, அதை எப்படி எழுப்புவது என்று சாலிஹுக்கு நன்றாகத் தெரியும். ஆறாவது படத்தில் அந்த இரக்கத்தை அகதிகளுக்கு வாங்கிக் கொடுத்தார். ஏழாவதில் அதே இரக்கத்தை ஓர் ஆட்சியாளருக்கு வாங்கிக் கொடுத்தார். அதனால்தான் இது வயிற்றுப்பிழைப்புக்குச் செய்த ஏதோ ஒரு வேலை என்று சொல்லிக் கடக்க முடியாது. தன்னுடைய ஆகச் சிறந்த திறமையைத்தான் அங்கே கொண்டுபோய்க் கொடுத்தார்.

அந்த நேரம் பக்தாத்தில் என்ன நடந்துகொண்டிருந்தது? 1978இலிருந்து கம்யூனிஸ்டுகள் வேட்டையாடப்பட்டார்கள். 1979 ஜூலையில் சதாம் ஜனாதிபதியானார். சில நாட்களுக்குள் பாத் கட்சிக்காரர்களை ஒரு மண்டபத்தில் கூட்டி, பெயர் வாசித்து, 68 பேரை ஒவ்வொருவராக வெளியே கொண்டுபோனார்கள். அவர்களில் 22 பேருக்கு மரண தண்டனை. மேடையில் சதாம் சுருட்டுப் பிடித்துக்கொண்டு இருந்தார். அதையும் ஒரு கமெரா பதிவுசெய்தது. 1980 ஏப்ரலில் ஷியா அறிஞர் பாகிர் அல் சத்ரும் அவருடைய சகோதரி ஆமினாவும் கொல்லப்பட்டார்கள். ஆமினா கதைகள் எழுதிய எழுத்தாளர். அதே வருடம் பைலி குர்துகள் வீடு வாசலைப் பறித்து ஈரான் எல்லைக்கு அந்தப் பக்கம் தள்ளப்பட்டார்கள். செப்ரெம்பரில் ஈரானோடு போர் தொடங்கியது.

அதாவது, பவுசருக்குள் ஆட்கள் இருந்தார்கள். தட்டிக்கொண்டும் இருந்தார்கள். 'நீண்ட நாட்கள்' அந்தச் சத்தத்தை மூடிய இரைச்சலில் ஒன்று. ஏசிச் சத்தம் எப்படி வேலை செய்கிறது என்று உலக சினிமாவுக்கே காட்டிய மனிதர், அந்த ஏசியைப் போட்டுக்கொடுத்தார்.

இனி வழமையாகச் சொல்லப்படுகிற நியாயங்களுக்கு வருவோம்.

முதலாவது, வறுமை. எகிப்தின் அரச சினிமாத் தயாரிப்பு 1970களின் தொடக்கத்தில் நின்றுபோனது, நாடுவிட்டு நாடு வந்த மனிதனுக்கு வேறு என்ன வழி என்கிறார்கள். சரி, ஒத்துக்கொள்வோம். ஆனால் இதே நியாயத்தை அபுல் கைஸுரானுக்குக் கொடுப்பீர்களா? அவனும் பிழைப்புக்குத்தான் பவுசர் ஓட்டினான். அவனும் போரில் உடம்பை இழந்த ஏழைதான். அவனிடம் கெட்ட எண்ணம்கூட இல்லை. இருந்தும் சாலிஹின் படம் அவனை விடவில்லை. இரக்கத்தோடு பார்த்தது, குற்றத்தையும் காட்டியது. அந்தச் சாரதிக்குச் சாலிஹ் கொடுத்த கண்ணோட்டத்தைத்தான் நாங்கள் சாலிஹுக்குக் கொடுக்கச் சொல்கிறோம். அதைவிடக் கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம்.

இரண்டாவது, பயம். சதாமின் ஊரில் இருந்துகொண்டு மாட்டேன் என்று சொல்ல ஏலுமா என்கிறார்கள். பயமாக இருந்திருக்கும்தான். அப்படியானால் அந்தப் பயத்தையும் எழுதுங்கள். பெரிய கலைஞன் ஒருவனைப் பயம் எங்கே கொண்டுபோய் நிறுத்தும் என்று நாங்கள் படிக்கவேண்டாமா? படத்தின் பெயரையே மறைத்துவிட்டு அவர் பயந்திருப்பார் என்று சொன்னால், யாருக்கு எதைப் பார்த்துப் பயம் என்றே தெரியாமல் போகிறது.

மூன்றாவது, கலை வேறு மனிதன் வேறு என்ற பழைய பாட்டு. இங்கே அது பொருந்தவே பொருந்தாது. சாலிஹின் அந்தரங்க வாழ்க்கையில் ஏதோ பிழை கண்டுபிடித்துக் கொண்டுவரவில்லை நாங்கள். 'நீண்ட நாட்கள்' அவருடைய கலை. அதைப் பற்றிக் கதைப்பது சினிமா பற்றிக் கதைப்பது.

நாலாவது மறுபக்கத்திலிருந்து வருவது: அப்ப எல்லாவற்றையும் தூக்கி எறி. இதையும் நாங்கள் ஏற்கவில்லை. தூக்கி எறிகிறவருக்கு நட்டம் ஒன்றுமில்லை, கை கழுவிய சுத்தம் கிடைக்கிறது. நட்டம் பவுசருக்குள் செத்தவர்களுக்குத்தான். அந்த மூவரின் கதையை அவ்வளவு நெருக்கமாகச் சொன்ன படங்கள் எத்தனை இருக்கின்றன? அந்தக் கதையைச் சொன்னவர் பிறகு வழுக்கினார் என்பதற்காக அவர்களை இரண்டாம் தரம் குப்பையில் எறிய வேண்டுமா? தூக்கி எறிகிறவரும் ஒளித்துவைக்கிறவரும் கடைசியில் ஒரே வேலையைத்தான் செய்கிறார்கள். இருவருக்கும் சிக்கலில்லாத சாலிஹ் ஒருவர் வேண்டும்.

இதெல்லாம் எகிப்துக்காரன் பிரச்சினை, எங்களுக்கு ஏன் என்று கேட்கலாம். பலஸ்தீனம் எங்களுக்கு நேற்றுத் தெரியவந்த ஊர் அல்ல. எம். ஏ. நுஃமான் மொழிபெயர்த்த பலஸ்தீனக் கவிதைகளை எங்களுக்கு முந்திய தலைமுறை கையில் வைத்துக்கொண்டுதான் வளர்ந்தது. மஹ்மூத் தர்வீஷ் எங்கள் கவியரங்குகளில் அரைவாசி ஊர்க்காரர். அந்த உறவு இருப்பதால்தான் கேட்கிறோம்: பலஸ்தீனத்திடமிருந்து அழவும் கோபப்படவும் மட்டும்தான் கற்றுக்கொள்வோமா? அவர்களுடைய பெயரைச் சொல்லி ஆண்ட அரசுகள் கலைஞர்களை என்ன செய்தன என்றும் கற்றுக்கொள்ள வேண்டாமா?

எங்களுக்கும் 'நீண்ட நாட்கள்' இருக்கின்றன. தலைமறைவாக இருந்த கதை, சிறையிருந்த கதை, காயத்தோடு காட்டுக்குள் நடந்த கதை. இந்த நாட்டில் அரசியல் செய்கிற எந்தப் பக்கத்தை எடுத்தாலும் அப்படி ஒரு கதை கையிருப்பில் உண்டு. கதை உண்மையாகவே இருக்கட்டும். அன்றைக்கு ஓடினவன் என்பதற்காக இன்றைக்கு மற்றவனை ஓடவைக்க அவனுக்கு உரிமை வருமா? இயக்கங்களின் காலத்தில் எடுக்கப்பட்ட படங்கள், அரசு காசுகொட்டி எடுத்த போர்ப் படங்கள், போருக்குப் பிறகு என்ஜிஓ காசில் வந்த நல்லிணக்க ஆவணப்படங்கள் எல்லாவற்றையும் எடுத்துப் பாருங்கள். ஒவ்வொன்றும் மற்றவனின் குற்றத்தைத் திறமாகக் காட்டும். காசு தந்தவரின் வாசலுக்கு வந்ததும் கமெரா திரும்பிவிடும். அதில் வேலை செய்தவர்களில் உண்மையான கலைஞர்கள் இருந்தார்கள், இருக்கிறார்கள். நாளைக்கு எங்கள் பட்ச்சில் யாராவது ஒருவர் கமெரா தூக்கினால் அவருக்கும் இதே கதவுதான் திறக்கும். அப்போது சாலிஹின் ஆறு படங்களை மட்டும் தெரிந்திருந்தால் என்ன பிரயோசனம்? ஆறுக்குப் பிறகு ஏழு எப்படி வந்தது என்று தெரிந்திருக்க வேண்டும்.

நேர்மை ஒரு ஆளின் இரத்தத்தில் ஊறிய குணம் என்று எங்களுக்குச் சொல்லித்தருகிறார்கள். சாலிஹின் பயணம் வேறு கதை சொல்கிறது. அவருடைய நேர்மை ஒவ்வொரு படத்திலும் ஒரு தயாரிப்பாளரோடு, ஒரு தணிக்கை அதிகாரியோடு, ஒரு காலத்தோடு மோதி மோதி வந்தது. சில இடத்தில் வென்றது, சில இடத்தில் பாதி வென்றது, ஒரு இடத்தில் அடியோடு தோற்றது. நஜீப் மஹ்பூஸின் நெருங்கிய நண்பர் வட்டத்தில் ஒருவராக, கெய்ரோ சினிமாக் கல்லூரியின் ஆசிரியராக அவர் பிறகு வாழ்ந்தார். 'நீண்ட நாட்க'ளுக்குப் பிறகு இன்னொரு முழுநீளப் படம் எடுக்கவேயில்லை. 2013 ஆகஸ்டில் கெய்ரோவில் காலமானார். அந்த மாதம்தான் அதே நகரத்தில் எகிப்தியப் படை ராபிஆ சதுக்கத்தில் நூற்றுக்கணக்கானோரைச் சுட்டுக் கொன்றது. அரசு நடத்திய படுகொலையை ஆதரித்துப் பேச அப்போதும் கலைஞர்கள் முன்வந்தார்கள். அவர்களுடைய பட்டியல்களிலும் நாளைக்கு ஏதாவது ஒன்று விடுபடும்.

ஆகவே எங்கள் கோரிக்கை சின்னது. 'ஏமாற்றப்பட்டவர்க'ளைத் திரையிடுங்கள். ஊர் ஊராகத் திரையிடுங்கள், அந்தத் தட்டுகிற சத்தம் எல்லோருக்கும் கேட்கட்டும். அறிமுகக் குறிப்பு எழுதும்போது ஏழு படங்கள் என்று எழுதினால் ஏழின் பெயரையும் எழுதுங்கள். ஏழாவது எந்த வருடம் வந்தது, யாருடைய காசில் வந்தது, அந்த வருடம் அந்த ஊரில் யார் யார் கொல்லப்பட்டார்கள் என்று ஒரு பந்தி சேருங்கள். சனத்துக்குக் குழப்பமாக இருக்கும் என்று பயப்பட வேண்டாம். குழம்பட்டும். எங்கள் வகுப்பறையில் அன்றைக்கு அந்தப் பெயரை எடுத்த பிறகுதான் ஒழுங்கான விவாதமே தொடங்கியது.